சுயாட்சி மாநிலத் தலைநகரோடு நின்றுவிடலாமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

லடாக் பற்றிய உங்கள் குறிப்பை வாசித்தேன். அரசியலமைப்பின் ஆறாவது அட்டவணையில் (வடகிழக்கின் பழங்குடிப் பகுதிகளுக்குத் தன்னாட்சி மாவட்ட மன்றங்கள் தரும் பகுதி அது) சேர்க்கச் சொல்லி அங்கே நடக்கும் போராட்டத்தை ஆதரித்திருந்தீர்கள். எனக்கு ஒரு குழப்பம். மாநில சுயாட்சி பேசும் நாம், ஒரு மாநிலத்துக்குள்ளேயே ஓர் இனம் தனி மன்றமும் தனி எல்லையும் கேட்டால் அதையும் ஆதரிக்க வேண்டுமா? அசாமில் போடோ பழங்குடியினருக்குக் கொடுத்தார்கள். அதற்குப் பிறகும் கலவரம் நின்றதா? ஒருவருக்குக் கொடுத்தால் அடுத்தவர் கேட்பார். கடைசியில் இது நாட்டைத் துண்டாடுவதில் போய் முடியாதா?

அன்புடன்,
ர.

அன்புள்ள ர.,

துண்டாடுவது பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். மிசோரமில் 1959-ல் மூங்கில் பூத்தது. மூங்கில் பூத்தால் எலி பெருகும், எலி பெருகினால் பஞ்சம் வரும் என்று அங்கே எல்லோருக்கும் தெரியும். அப்போது அது அசாமின் ஒரு மாவட்டம். ஆறாவது அட்டவணைப்படி அமைந்த மாவட்ட மன்றம் 1958-லேயே எச்சரித்து நிதி கேட்டது. அசாம் அரசு அதைப் பொருட்படுத்தவில்லை. பஞ்ச நிவாரணத்துக்காகத் தொடங்கிய அமைப்பு மிசோ தேசிய முன்னணியாக மாறி, 1966 மார்ச்சில் தனிநாடு அறிவித்தது. ஐசால் நகரத்தின் மேல் நம் விமானப்படையே குண்டு போட்டது. இருபது ஆண்டுகள் கழித்து, 1986-ல் ஒப்பந்தம் கையெழுத்தானது. அடுத்த ஆண்டு மாநிலத் தகுதி கிடைத்தது. ஆயுதம் ஏந்திய முன்னணியின் தலைவர் லால்தெங்காவே முதலமைச்சர் ஆனார். அவருடைய கட்சி இன்றும் தேர்தலில் நிற்கிறது, ஜெயிக்கிறது, தோற்கிறது. அதிகாரம் கைக்கு வந்த பிறகு அங்கே பிரிவினைப் பேச்சு அடங்கிவிட்டது.

இந்தக் கதையில் இன்னொன்றையும் கவனியுங்கள். மன்றம் இருந்தது, எச்சரிக்கவும் செய்தது. பணம் மட்டும் தலைநகரில் இருந்தது.

இனி உங்கள் முதல் கேள்வி. நாம் தமிழ்நாட்டில் இருந்து பார்ப்பதால் அதிகாரத்தைப் பிடித்து வைத்திருப்பது எப்போதும் டெல்லிதான் என்று நினைத்துப் பழகிவிட்டோம். மத்திய, மாநில உறவை ஆராய 1969-ல் ராஜமன்னார் குழு அமைத்தது, 1974-ல் சட்டமன்றத்தில் மாநில சுயாட்சித் தீர்மானம் போட்டது எல்லாம் நமக்குப் பெருமை. எனக்கும் பெருமைதான். ஆனால் அன்று அசாமில் இருந்த மலைப் பழங்குடிகளான காசி இன விவசாயிக்கோ காரோ இனப் பள்ளிப் பிள்ளைக்கோ 1960-ல் டெல்லி தூரத்தில் இருந்தது. அவர்களை நெருக்கியது அசாம் அரசு. அந்த ஆண்டு அசாமியே ஆட்சிமொழி என்று சட்டம் கொண்டுவர முனைந்ததும் மலைக் கட்சிகள் ஒன்றாகக் கூடின. அந்த இயக்கம்தான் 1972-ல் மேகாலயா தனி மாநிலமாவதில் போய் நின்றது. இந்தித் திணிப்பு நமக்கு எப்படி வலித்ததோ அப்படித்தான் அவர்களுக்கும் வலித்தது. நம் வலி நியாயம், அவர்கள் வலி பிரிவினைவாதம் என்று எப்படிச் சொல்ல முடியும்?

சரி, தனி மாநிலமான மேகாலயா தன் மாவட்ட மன்றங்களை எப்படி நடத்துகிறது? ஆறாவது அட்டவணையின் 12ஏ பத்தியைப் படித்துப் பாருங்கள். அங்கே மன்றத்தின் சட்டமும் மாநிலத்தின் சட்டமும் மோதினால் மாநிலச் சட்டமே செல்லும். பழங்குடியினர் பெரும்பான்மையாக இருக்கும் மாநிலத்திலேயே இந்த நிலை.  நிலம், காடு, காட்டெரிப்பு வேளாண்மை, வாரிசுரிமை, கிராம நீதிமன்றம் என்று தாளில் நிறைய அதிகாரங்கள் உண்டு. ஆனால் நிதிக்கு மன்றம் மாநில அரசையே நம்பி நிற்கிறது. மன்றத்தைக் கலைக்கும் அதிகாரம் ஆளுநரிடம் இருக்கிறது. ஆளுநர் பெரும்பாலும் மாநில அமைச்சரவையின் பேச்சைக் கேட்கிறார். அதனால்தான் மாநில சுயாட்சி தலைநகரோடு நின்றுவிட்டால் அது பாதி வேலைதான் என்கிறேன்.

போடோ விஷயத்தில் உங்கள் கவலையில் உண்மை இருக்கிறது. பழங்குடி நிலத்தை வெளியார் வாங்கக் கூடாது என்று அசாமில் 1947-லேயே சட்டத் திருத்தம் வந்தது. அதை ஒழுங்காக நடைமுறைப்படுத்தவில்லை, நிலம் கைமாறிக்கொண்டே இருந்தது. 1987-ல் உபேந்திரநாத் பிரம்மா தலைமையில் மாணவர்கள் அசாமைச் சரிபாதியாகப் பிரி என்று கிளம்பியதற்குப் பின்னால் இந்த நிலம்தான் இருக்கிறது. 1993-ல் முதல் ஒப்பந்தம் வந்தது. எந்தெந்த கிராமங்கள் உள்ளே வரும் என்பதைத் தீர்க்காமலேயே கையெழுத்துப் போட்டார்கள். போடோக்கள் பாதிக்கு மேல் இருந்தால்தான் ஒரு கிராமம் உள்ளே வரும் என்ற பேச்சு எழுந்தால் என்ன ஆகும்? எண்ணிக்கையே ஆயுதம் ஆகும். 1996-லும் 1998-லும் போடோக்களுக்கும் சந்தால்களுக்கும் நடந்த மோதலில் ஏராளமானோர் முகாமுக்கு ஓடினார்கள். அந்தச் சந்தால்கள் ஜார்க்கண்டில் பட்டியல் பழங்குடியினர். அசாமுக்கு வந்து பல தலைமுறை ஆகியும் அங்கே அந்தத் தகுதி அவர்களுக்கு இல்லை. இதை நினைத்தால் எனக்கு இப்போதும் மனம் ஆறுவதில்லை.

2003-ல் இரண்டாவது ஒப்பந்தம் வந்தது, ஆறாவது அட்டவணையின்கீழ் மன்றம் அமைந்தது. தேர்ந்தெடுக்கப்படும் 40 இடங்களில் 30 பழங்குடியினருக்கு. ஆனால் அந்தப் பகுதி மக்களில் பழங்குடியினர் பாதிகூட இல்லை. 2012 கலவரத்தில் நான்கு லட்சம் பேருக்கு மேல் வீடிழந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் முஸ்லிம்கள், போடோக்களும் இருந்தார்கள். 2020-ல் மூன்றாவது ஒப்பந்தம்.

இதிலிருந்து நீங்கள் தன்னாட்சியே தவறு என்ற முடிவுக்கு வருகிறீர்கள். நான் அப்படிப் பார்க்கவில்லை. ஒரு கலப்பு நிலத்தை ஒரே சமூகத்தின் பெயரில் பட்டா போட்டுக் கொடுத்ததுதான் தவறு. நிலத்துக்குப் பாதுகாப்பு வேண்டும், அதில் சமரசமே கூடாது. ஆனால் ஆளும் உரிமையில் அங்கே வாழும் எல்லோருக்கும் பங்கு வேண்டும்.

அப்படி நடந்த ஒரு இடத்தைச் சொல்கிறேன். ஒடிசாவின் நியாம்கிரி மலையில் பாக்சைட் எடுக்க 2010-ல் மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் அனுமதி மறுத்தது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனது ஒடிசா அரசின் சுரங்கக் கழகம். டெல்லி மறுக்கிறது, மாநிலம் மலையைத் தோண்டியே தீருவேன் என்கிறது! 2013 ஏப்ரலில் நீதிமன்றம் கிராம சபைகளைக் கேளுங்கள் என்றது. மாநில அரசு பன்னிரண்டு கிராமங்களைத் தேர்ந்தெடுத்தது. பன்னிரண்டும் வேண்டாம் என்றன. அங்கே டோங்ரியா கோந்துகளுக்குத் தனி மாநிலமோ தனி மன்றமோ இல்லை. 2006 வன உரிமைச் சட்டமும் கிராம சபையும் போதுமானதாக இருந்தன. அந்தச் சட்டம் தலைமுறைகளாகக் காட்டை நம்பி வாழும் பழங்குடி அல்லாதவர்களையும் கணக்கில் சேர்க்கிறது. அதனால்தான் என் நம்பிக்கை முதலில் கிராம சபை மேல், அப்புறம்தான் மன்றத்தின் மேல்.

தன்னாட்சியின் பெயரால் உள்ளே நடக்கும் அநியாயத்தையும் மறைக்கக் கூடாது. நாகாலாந்தில் நகராட்சிகளில் பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு இடம் என்றபோது நாகா வழக்காறுகளைக் காக்கும் அரசியலமைப்பின் 371ஏ பிரிவையும் வழக்காற்றுச் சட்டத்தையும் காட்டி எதிர்த்தார்கள். 2017-ல் அது வன்முறையானது. 2024-ல்தான் அந்த ஒதுக்கீட்டோடு தேர்தல் நடந்தது. ஆறாவது அட்டவணைப் பகுதிகளுக்கு, பஞ்சாயத்து ஆட்சிக்கான 73-வது அரசியலமைப்புத் திருத்தமே பொருந்தாது என்பதால் பஞ்சாயத்துகளுக்கான பெண்கள் ஒதுக்கீடும் மாநில நிதி ஆணையமும் அங்கே எட்டவில்லை.

ஒருவருக்குக் கொடுத்தால் அடுத்தவர் கேட்பார் என்கிறீர்கள். கேட்கட்டும். லடாக்கில் லே பவுத்தர்களும் கார்கில் ஷியாக்களும் சேர்ந்தே கேட்கிறார்கள். 2019-ல் சட்டமன்றம் இல்லாத ஒன்றியப் பிரதேசமாக அவர்களை ஆக்கினோம், இருந்த நான்கு எம்.எல்.ஏ.க்களும் போனார்கள். 2025 செப்டம்பரில் லேயில் போராட்டத்தின்போது நான்கு பேர் உயிரிழந்தார்கள். அவர்கள் கேட்பது தங்கள் நிலத்தைப் பற்றித் தாங்களே முடிவெடுக்கும் உரிமை. நம் பக்கத்திலும் இதைப் பேச வேண்டும். 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் சுமார் எட்டு லட்சம் பழங்குடியினர், ஆனால் பட்டியல் பகுதி ஓர் அங்குலம்கூட இல்லை. அதனால் பட்டியல் பகுதிகளில் கிராம சபைக்கு அதிகாரம் தரும் 1996-ன் பெசா சட்டம் ஜவ்வாது மலைக்கும் நீலகிரிக்கும் பொருந்தாது.

நீங்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. மாவட்ட மன்றங்களுக்கு நிதி ஆணையம் வழியாகப் பணம் வருவதற்கும், கிராம மன்றங்களுக்குத் தேர்தல் நடத்துவதற்கும் 125-வது அரசியலமைப்புத் திருத்த மசோதா 2019 பிப்ரவரியில் மாநிலங்களவைக்கு வந்தது. இன்னும் சட்டமாகவில்லை. மாநில சுயாட்சி பேசும் எம்.பி. உங்கள் தொகுதியில் இருந்தால், அந்த மசோதாவில் அவர் கட்சியின் நிலை என்ன என்று கேட்டு ஒரு கடிதம் எழுதுங்கள். பதில் வந்தால் எனக்கும் அனுப்புங்கள், இங்கேயே வெளியிடுகிறேன்.

அன்புடன்.