கடல் கடந்து உழைப்பவர்களுக்கு ஒரு கட்சி: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: என் வீட்டுக்காரர் சரக்குக் கப்பலில் வேலை பார்க்கிறார். கூட இருக்கும் பிலிப்பைன்ஸ்காரர்கள், ‘வெளிநாட்டில் வேலை செய்கிறவர்களுக்கென்றே எங்கள் ஊரில் கட்சி இருக்கிறது’ என்கிறார்களாம். நிஜமா? எப்படி ஜெயிக்கிறார்கள்?
– வாசகி, ராயபுரம்

நிஜம்தான் அம்மா. ஒன்றல்ல, பல கட்சிகள் அப்படி நின்றிருக்கின்றன. அதற்கு வழிவிட்டது அந்நாட்டின் 1987 அரசியல் சட்டம். கீழவையில் ஐந்தில் ஒரு பங்கு இடம் ‘பார்ட்டி லிஸ்ட்’, அதாவது பட்டியல் கட்சிகளுக்கு. இவற்றுக்குத் தொகுதி கிடையாது, நாடு முழுக்க விழும் ஓட்டைக் கூட்டித்தான் கணக்கு. 1995இல் இதற்கான சட்டம் வந்தது, 1998இல் முதல் தேர்தல். 2022இல் இப்படி நிரப்பப்பட்டவை 63 இடங்கள்.

வாக்காளர் தன் தொகுதி வேட்பாளருக்கு ஓர் ஓட்டு போடுவார், பட்டியல் கட்சி ஒன்றுக்கு இன்னோர் ஓட்டு. பட்டியல் ஓட்டில் 2 சதவீதம் எடுத்த கட்சிக்கு ஓர் இடம் உறுதி. மிச்ச இடங்களை ஓட்டு விகிதப்படி பிரிப்பார்கள். எவ்வளவு வாங்கினாலும் 3 இடத்துக்கு மேல் கிடையாது. அப்படியும் இடம் மீந்தால், 2009இல் உச்ச நீதிமன்றம் சொன்ன முறைப்படி, 2 சதவீதத்துக்குக் கீழே உள்ளவர்களுக்கும் வரிசைப்படி ஒவ்வொன்று போகும். 2022இல் ‘ஓ.எஃப்.டபிள்யூ’ (வெளிநாட்டில் உழைக்கும் பிலிப்பைன்ஸ்காரர் என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) கட்சி ஓர் இடம் பிடித்தது இந்த வழியில்தான். அதற்கு முன் 2013இல் ‘ஓ.எஃப்.டபிள்யூ ஃபேமிலி கிளப்’ 2 சதவீதத்தைத் தாண்டி 2 இடங்கள் வாங்கியது. 2004இல் நின்ற ‘மிக்ராந்தே’ என்ற புலம்பெயர் தொழிலாளர் கட்சிக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. வெளிநாட்டிலிருந்தே ஓட்டுப் போடும் உரிமை முதன்முதலாக நடைமுறைக்கு வந்ததே அந்தத் தேர்தலில்தான்.

வெளிநாட்டு ஓட்டை மட்டும் நம்பினால் என்ன ஆகும் என்று பாருங்கள். 2022இல் பட்டியல் கட்சிகளுக்கு விழுந்தவை ஏறக்குறைய 3.68 கோடி ஓட்டுகள். அதில் 2 சதவீதம் என்றால் 7.36 லட்சம். வெளிநாட்டில் பதிவு செய்திருந்தவர்கள் சுமார் 17 லட்சம், ஓட்டுப் போட்டவர்கள் சுமார் 6 லட்சம். அத்தனை பேரும் ஒரே கட்சிக்குப் போட்டிருந்தாலும் 2 சதவீதம் எட்டாது. போட்டியிலோ 170க்கும் மேற்பட்ட கட்சிகள். ஆகவே இந்தக் கட்சிகளைத் தூக்கி நிறுத்துவது ஊரில் இருக்கும் மனைவி, அம்மா, தம்பி, தங்கையின் ஓட்டு. குடும்பத்தையும் சேர்த்துப் பெயர் வைப்பதில் அர்த்தம் இருக்கிறது.

கேள்வி: பெயரில் ‘தொழிலாளர்’ என்று இருந்தாலே நம்பலாமா?
– வாசகர், தண்டையார்பேட்டை

கூடாது. ஓட்டுச் சீட்டில் கட்சியின் பெயர் மட்டும்தான் இருக்கும். உள்ளே போகிறவர் யார் என்பதைக் கட்சி முன்கூட்டியே தரும் நியமனப் பட்டியல் தீர்மானிக்கிறது. முதல் இடத்தில் இருப்பவர் வெளிநாட்டில் உழைத்தவரா, ஏஜென்சி நடத்துகிறவரா, அரசியல் குடும்பத்து வாரிசா என்று அங்கேதான் பார்க்க வேண்டும். பட்டியல் கட்சிகள் ஒடுக்கப்பட்ட பிரிவினருக்காக மட்டுமே இருக்க வேண்டியதில்லை என்று 2013இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகு வாசல் இன்னும் அகலமாகிவிட்டது. எங்களுக்கு இதில் வருத்தம் உண்டு. ஏழைகளுக்கென்று திறந்த கதவில் பணக்காரர்கள் நுழைந்துவிட்டார்கள்.

கேள்வி: கட்சியால் குடும்பங்களுக்கு என்ன லாபம்?
– வாசகி, காசிமேடு

கட்சியைவிட சட்டம்தான் அங்கே அதிகம் காப்பாற்றியிருக்கிறது என்பது எங்கள் கருத்து. 1995 மார்ச்சில் ஃப்ளோர் கான்டெம்ப்ளேசியன் என்ற பிலிப்பைன்ஸ் வீட்டுப் பணிப்பெண் சிங்கப்பூரில் தூக்கிலிடப்பட்டார். நாடே கொதித்தது. அந்த ஆண்டே புலம்பெயர் தொழிலாளர் சட்டம் வந்தது. இதில் நாம் பொறாமைப்பட வேண்டிய பிரிவு ஒன்று உண்டு: வெளிநாட்டு முதலாளி சம்பளம் தராவிட்டால், ஆள் அனுப்பிய உள்ளூர் ஏஜென்சியும் முழுத் தொகைக்கும் பொறுப்பு. துபாயில் இருப்பவரைத் தேடிப் போக வேண்டாம், மணிலாவில் இருப்பவரைப் பிடித்தால் போதும்.

கப்பல்காரர்களுக்கு அரசு வகுத்த ஒப்பந்தம் தனி. அடிப்படைச் சம்பளத்தில் குறைந்தது 80 சதவீதம் மாதாமாதம் குடும்பத்துக்குப் போக வேண்டும். பணியில் இறந்தால் 50,000 டாலர், அதோடு 21 வயதுக்குக் கீழ்ப்பட்ட பிள்ளை ஒவ்வொருவருக்கும் 7,000 டாலர், நான்கு பிள்ளைகள் வரை. 2021 டிசம்பரில் புலம்பெயர் தொழிலாளர்களுக்கென்று தனி அமைச்சகத்துக்கான சட்டமும் வந்தது. கட்சி உறுப்பினர்களின் வேலை இவை தேய்ந்துபோகாமல் அவையில் காவல் இருப்பது.

கேள்வி: வடசென்னையில் கப்பல், வளைகுடா என்று போகாத தெரு கிடையாது. நாமும் ஒரு கட்சி தொடங்கலாமே?
– வாசகர், திருவொற்றியூர்

பதிவு செய்வது பெரிய காரியமில்லை. வாக்காளர்களாக உள்ள 100 உறுப்பினர்கள், 10,000 ரூபாய் கட்டணம், கட்சி தொடங்கிய 30 நாளுக்குள் தேர்தல் ஆணையத்துக்கு விண்ணப்பம். ஆனால் இங்கே பட்டியல் முறை இல்லை. ராயபுரத்திலோ ஆர்.கே. நகரிலோ முதலிடம் வந்தால்தான் இடம். தமிழ்நாடு முழுக்கச் சிதறிய ஓட்டு எத்தனை லட்சம் ஆனாலும் பூஜ்யம்தான்.

வெளிநாட்டிலிருந்து ஓட்டுப் போடவும் வழியில்லை. படிவம் 6ஏ நிரப்பிப் பெயர் சேர்க்கலாம், ஆனால் தேர்தல் நாளில் அசல் பாஸ்போர்ட்டோடு நேரில் வர வேண்டும். வேறொருவரை அனுப்பி ஓட்டுப் போடச் சொல்லும் மசோதா 2018இல் மக்களவையில் நிறைவேறி, மாநிலங்களவையில் நிறைவேறாமலே 2019இல் காலாவதியானது. நியாயமாகக் கோபப்பட வேண்டிய இடம் இது.

6ஏ நிரப்புகிறவர்கள் கவனிக்க: தொகுதியை முடிவு செய்வது பாஸ்போர்ட்டில் உள்ள முகவரி. காசிமேட்டு முகவரியில் பாஸ்போர்ட் எடுத்துவிட்டு, குடும்பம் பெரும்பாக்கம் குடியிருப்புக்கு மாற்றப்பட்டிருந்தால், சரிபார்க்க வருகிறவர் பழைய வீட்டுக் கதவைத் தட்டிவிட்டுத் திரும்பிவிடுவார். முதலில் பாஸ்போர்ட்டில் முகவரியை மாற்றுங்கள். பழைய வாக்காளர் அட்டை இருந்தால் அதை ஒப்படைக்க வேண்டும். புதிதாக அட்டை தர மாட்டார்கள், பாஸ்போர்ட்தான் அடையாளம்.

கேள்வி: குவைத் வேலைக்கு ஏஜென்ட் ஒன்றரை லட்சம் கேட்கிறார். கொடுக்கலாமா?
– வாசகர், வியாசர்பாடி

கொடுக்காதீர்கள். பதிவு பெற்ற ஏஜென்ட் வாங்கக்கூடிய சேவைக் கட்டணம் அதிகபட்சம் 30,000 ரூபாய், 18 சதவீத ஜி.எஸ்.டி. சேர்த்தால் 35,400. பதிவு எண்ணை மத்திய அரசின் இ-மைக்ரேட் தளத்தில் போட்டுப் பாருங்கள். பணத்துக்கு ரசீது கட்டாயம். ‘இப்போதைக்கு டூரிஸ்ட் விசாவில் போ, அங்கே மாற்றித் தருகிறோம்’ என்றால் அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள். அப்படிப் போனவருக்குக் குடிபெயர்வு அனுமதியும் இருக்காது, வெளிநாட்டு வேலைக்குப் போகிறவர்களுக்கான 10 லட்சம் ரூபாய் பிரவாசி காப்பீடும் இருக்காது.

கப்பல் வேலைக்கு விதி இன்னும் கடுமை. கடலோடியிடம் வேலைக்காகப் பணமே வாங்கக் கூடாது. நிறுவனத்துக்கு ஆர்.பி.எஸ்.எல். எனப்படும், கடலோடிகளை வேலைக்கு அமர்த்தும் உரிமம் இருக்கிறதா, காலாவதியாகிவிட்டதா என்பதைக் கப்பல் போக்குவரத்துத் தலைமை இயக்குநரகத்தின் தளத்தில் பார்த்த பிறகே ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடுங்கள்.