பேட்டி இல்லாமல் பழைய வட சென்னையைப் படமெடுக்க முடியுமா?

மில் காலத்துப் பெரம்பூர், பட்டாளம் வாழ்க்கையைப் பேட்டியும் பின்னணிக் குரலும் இல்லாமல், கூடவே இருந்து கவனிக்கும் பாணியில் ஆவணப்படமாக எடுக்க முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். முடியும். ஆனால் மில்லை எடுக்க முடியாது, மில் விட்டுப்போனதைத்தான் எடுக்கலாம். அங்கே இருந்த பி அண்ட் சி (பக்கிங்காம் அண்ட் கர்னாடிக்) துணி மில் 1996-லேயே மூடியாச்சு.

பழைய படச்சுருளை நம்பி இறங்காதீர்கள். தோளில் தூக்கிக்கொண்டு போய், பேச்சையும் சேர்த்துப் பதிவு செய்யும் 16 எம்எம் பிலிம் கேமரா வசதி 1960 வாக்கில்தான் வந்தது. 400 அடி ரோல் 11 நிமிஷம் ஓடும், அவ்வளவுதான். 1968-இல் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால் மெட்ராஸில் எடுத்ததில் மயிலாப்பூர் தேர் இருக்கிறது. தேர் என்றால் யாரும் எடுப்பார்கள். ஷிப்ட் முடிந்து சைக்கிளில் வீடு திரும்பும் கூட்டத்துக்காக ஒரு ரோலைச் செலவழிக்க எத்தனை பேருக்கு மனசு வரும்?

எங்கள் பக்கத்தில் ஒரு பெரியவர், நெசவுப் பிரிவில் இருந்தவர். கேமராவை வைத்து "மில்லைப் பத்திச் சொல்லுங்க தாத்தா" என்றால் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு, எந்த வருஷம் சேர்ந்தார், என்ன சம்பளம் என்று ஒப்பிப்பார். அதே மனிதரைச் சாயங்காலம் கேரம் கிளப்பில், போர்டு முன்னால் பாருங்கள். எதிரே உட்காருபவரும் தறி ஓட்டியவர். முட்டி இடிக்கிற தூரத்தில் இருந்துகொண்டு இருவரும் கத்திக் கத்திப் பேசுவார்கள். தறி இரைச்சலில் உதட்டைப் பார்த்தே பேசிப் பழகியவர்கள் வேறு. சிவப்புக் காயைப் போட்டதும் ஒருவர் சத்தமே இல்லாமல் வாயை அசைப்பார், மற்றவர் விழுந்து விழுந்து சிரிப்பார். சுற்றி நிற்கும் பையன்களுக்கு ஒன்றும் புரியாது. பேட்டியில் இது வரவே வராது. குரல் கொடுத்து விளக்கினால் செத்துப்போகும்.

அதற்காக ரொம்பக் கறாராகவும் இருக்க வேண்டாம். மில் எங்கே இருந்தது, எப்போது மூடியது என்று தொடக்கத்தில் இரண்டு வரி எழுத்துப் போடுங்கள். இன்றைய பிள்ளைகளுக்கு அதுகூடத் தெரியாது.

அப்புறம், காசு இருந்தால் முதலில் மைக் வாங்குங்கள். இந்தப் பாணியின் பெரிய ஆளான அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் பிரெடரிக் வைஸ்மேன் கேமராவை வேறொருவரிடம் கொடுத்துவிட்டு ஒலிப்பதிவைத் தானே பார்த்துக்கொண்டார். படத்துக்கு செல்போனே போதும். இரைச்சலாக இருக்கிறதே என்று கிளப்பில் ஃபேனை மட்டும் நிறுத்தச் சொல்லாதீர்கள், ஆட்டமே கலைந்துவிடும். மைக்கைப் போர்டுக்குப் பக்கத்தில் வைத்துவிடுங்கள்.