நல்ல பேனா வாங்கினால் எழுத்து வந்துவிடுமா?

கேள்வி: வேலைக்குப் போய்க்கொண்டே கதை எழுதப் பார்க்கிறேன். பிடித்த பேனா, கெட்டி அட்டை நோட்டு, மேசை விளக்கு எல்லாம் வாங்கியாயிற்று. ஆனாலும் ராத்திரி உட்கார்ந்தால் ஒரு வரி நகர மாட்டேன் என்கிறது. பொருளும் நேர ஒழுங்கும் உண்மையிலேயே உதவுமா, இல்லை மனப்பிரமையா?

பதில்: உதவும். ஆனால் அந்தப் பேனாவை நீங்கள் வேறு எதற்கெல்லாம் எடுக்கிறீர்கள் என்று முதலில் பாருங்கள். அதே பேனாவில் ஆபீஸ் படிவமும் வீட்டுக் கணக்கும் எழுதினால் அதைக் கையில் எடுத்ததும் மனசுக்குக் கதை ஞாபகம் வர எந்தக் காரணமும் இல்லை. கதைக்கு மட்டும் என்று ஒதுக்கிவிட்டால், கொஞ்ச நாளில் அதைத் தொடுவதே ‘ஆரம்பிக்கலாம்’ என்ற சைகையாகிவிடும். பொருள் அழகாக இருக்க வேண்டும் என்றுகூட இல்லை. ஜெர்மன் கவிஞர் ஷில்லர் மேசை இழுப்பறையில் அழுகிய ஆப்பிள்களை வைத்திருந்தார், அந்த வாசனை இல்லாமல் அவருக்கு வேலை ஓடாதாம், நண்பர் கோதே சொன்ன தகவல் இது. உங்கள் கெட்டி அட்டை நோட்டு எனக்குக் கொஞ்சம் கவலையாகவே இருக்கிறது, கெடுத்துவிடுவோமோ என்ற பயத்திலேயே பலர் முதல் பக்கத்தைத் தாண்டுவதில்லை, அப்படித் தோன்றினால் சாதாரண நோட்டுக்கு மாறிவிடுங்கள்.

அடுத்தது நேரம். ஆங்கில நாவலாசிரியர் ஆண்டனி டிரோலப் தபால் துறையில் வேலை பார்த்தவர். காலை 5.30-க்கு மேசைக்கு வந்து, கடிகாரத்தை எதிரே வைத்து, கால் மணி நேரத்துக்கு 250 சொல் என்று எழுதிவிட்டுத்தான் வேலைக்குக் கிளம்புவார். 47 நாவல்கள். உங்களுக்கும் நாள் முழுக்க உழைத்துக் களைத்த ராத்திரியைவிடக் காலை அரை மணி நேரம் சரிப்படும் என்றே நினைக்கிறேன்.

21 நாளில் பழக்கம் படிந்துவிடும் என்பதை நம்பாதீர்கள். லண்டனில் பிலிப்பா லாலி குழுவினர் 96 பேரை வைத்துச் செய்த ஆய்வில், சாப்பாடு, உடற்பயிற்சி மாதிரியான எளிய பழக்கங்களுக்கே நடுமதிப்பு 66 நாள் என்று வந்தது. ஆளுக்கு ஆள் 18 முதல் 254 நாள் வரை வித்தியாசம். ஒரு நாள் விட்டுப்போனால் பெரிதாக ஒன்றும் கெடவில்லை என்பதும் அதில் தெரிந்தது. அதனால் ஒரு நாள் தவறியதற்காக எல்லாவற்றையும் மூட்டை கட்டிவிடாதீர்கள்.

எழுதி முடித்து மேசையை விட்டு எழுந்திருக்கும் விதம்தான் இதில் முக்கியம், பலரும் கண்டுகொள்ளாததும் அதுவே. அடுத்து என்ன நடக்கும் என்று தெரிந்திருக்கும்போதே நிறுத்துங்கள், அமெரிக்க நாவலாசிரியர் ஹெமிங்வே அப்படித்தான் செய்தார். நிறுத்திய வரிக்குக் கீழே, ‘அவள் கதவைத் திறக்கிறாள், உள்ளே பெட்டி இல்லை’ என்கிற மாதிரி ஒரு குறிப்பு. அப்புறம் நோட்டை மூடி அலமாரியில் வைக்காமல், அந்தப் பக்கத்திலேயே விரித்து, பேனாவைக் குறுக்கே வைத்துவிட்டுப் போங்கள். மறுநாள் வெற்றுத்தாள் உங்களை முறைக்காது, பாதியில் நிற்கிற வாக்கியம்தான் கண்ணில் படும்.

செல்போன் மட்டும் அந்த மேசைக்கு வரவே வேண்டாம், அலாரத்துக்குக்கூட. நேரம் பார்க்க ஒரு சின்னக் கடிகாரம் போதும்.