ஓர்ஸ்டெட்டின் முள் தற்செயலாகத் திரும்பவில்லை

கேள்வி: ஷெல்லிங், ஹெகல் முதலான ஜெர்மன் இலட்சியவாதிகளின் இயற்கைத் தத்துவம் சோதனை எதுவும் இல்லாத வெறும் ஊகம்தானே? ஓர்ஸ்டெட்டின் மின்காந்தக் கண்டுபிடிப்புக்கு அந்தத் தத்துவம் தூண்டுதல் என்கிறார்கள். அது வகுப்பறையில் தற்செயலாக நடந்தது என்றுதானே பள்ளியில் படித்தோம்?
— வாசகி, கும்பகோணம்

பதில்: ‘தற்செயலாக’ என்ற சொல்லைத் தாண்டிப் போக எனக்கு மனம் வரவில்லை. நம் பாடநூல்களில் அறிவியல் வரலாறு என்று வருவதெல்லாம் ஆப்பிள் விழுந்தது, தொட்டியில் தண்ணீர் வழிந்தது, மின்கம்பி அருகே திசைகாட்டியின் முள் திரும்பியது என்ற கணக்கில்தான் இருக்கிறது. ஒரு மனிதர் இருபது ஆண்டு எதைத் தேடிக்கொண்டிருந்தார் என்று சொல்ல நாலு வரி கூடுதலாக வேண்டும். அந்த நாலு வரியை எழுதாமல் விடுவதற்கு உதவும் சொல்தான் ‘தற்செயல்’. இதே பக்கத்தில் முன்பும் இதைக் கண்டித்திருக்கிறேன், இனியும் கண்டிப்பேன்.

அந்த நாலு வரி இதோ. டென்மார்க்கில் மருந்துக்கடைக்காரர் ஒருவரின் மகனான ஓர்ஸ்டெட் 1799இல் கோபன்ஹேகனில் முனைவர் பட்டம் வாங்கியதே ஜெர்மன் தத்துவஞானி காண்ட்டின் இயற்கை மெய்யியலைப் பற்றி எழுதித்தான். இடத்தை அடைத்துக் கிடக்கும் கட்டி அல்ல பொருள். ஈர்க்கும் விசையும் விலக்கும் விசையும் ஒன்றையொன்று தடுத்து நிற்பதே பொருள் என்று காண்ட் 1786இல் சொல்லியிருந்தார். 1801இல் ஜெர்மனி போன ஓர்ஸ்டெட்டுக்கு இயற்பியலாளர் யோகான் வில்ஹெல்ம் ரிட்டரின் நட்பு கிடைத்தது. மின்சாரம் காந்தத்தின் மேல் வினைபுரிகிறதா என்று சோதிக்க வேண்டும் என 1812இல் அச்சிலேயே எழுதினார். அன்று பிரான்சில் இயற்பியலாளர் கூலோமைப் பின்பற்றியவர்கள் மின்சாரமும் காந்தமும் வெவ்வேறு பாய்மங்கள் என்று நம்பினார்கள். அதனால் அவர்களுக்கு அந்தச் சோதனையைச் செய்யத் தோன்றவே இல்லை.

1820 வசந்த காலத்தில், முன்பே யோசித்து வைத்திருந்த சோதனையைச் செய்துபார்க்க நேரமில்லாமல், விரிவுரையின் நடுவில் செய்தார். முள் கொஞ்சம்தான் அசைந்தது. தற்செயல் கதை 1857இல் ஹான்ஸ்டீன் என்ற நார்வே அறிவியலாளர் ஆங்கில இயற்பியலாளர் ஃபாரடேக்கு எழுதிய கடிதத்திலிருந்து பரவியது. அப்போது சம்பவம் நடந்து 37 ஆண்டு ஆகியிருந்தது. ஓர்ஸ்டெட் 1851இலேயே இறந்துவிட்டார். மறுத்துச் சொல்ல ஆள் இல்லை.

ஜூலையில் பெரிய மின்கலத்தோடு மறுபடி தொடங்கினார். 20 செப்புத் தொட்டிகள். ஒவ்வொன்றும் 12 அங்குல நீளம், 12 அங்குல உயரம், இரண்டரை அங்குல அகலம். தண்ணீரில் அதன் எடையில் அறுபதில் ஒரு பங்கு கந்தக அமிலம், அதே அளவு நைட்ரிக் அமிலம், செம்பும் துத்தநாகமும். ஜூலை 21இல் நாலு பக்க லத்தீன் அறிக்கை வெளிவந்தது.

அவர் தத்துவம் எங்கே உதவியது, எங்கே கெடுத்தது என்பது அந்தக் கம்பியிலேயே தெரிகிறது. முதலில் அவர் எடுத்தது மெல்லிய பிளாட்டினக் கம்பி. இரு எதிர்ச்சக்திகள் நெருக்கடியான இடத்தில் மோதும்போது வெப்பமும் ஒளியும் வெளிவருவதைப் போலக் காந்தமும் வெளிவரும் என்று நினைத்தார். மெல்லிய கம்பியில் தடை அதிகம், மின்னோட்டம் குறைந்துபோயிற்று. பிறகு தடித்த கம்பியைப் போட்டபோதுதான் முள் நன்றாகத் திரும்பியது. கம்பி பழுக்கக் காய வேண்டிய அவசியமே இல்லை. விசைகள் ஒன்றுக்கொன்று உறவு என்ற எண்ணம் அவரைச் சரியான இடத்துக்குக் கொண்டுபோயிற்று. அங்கே இருப்பது இப்படித்தான் இருக்கும் என்ற முன்முடிவு தவறான கம்பியைக் கையில் கொடுத்தது. இயற்கைத் தத்துவத்தின் முழு வரலாற்றையும் இந்த இரண்டையும் பிரித்துப் பார்த்தே எடைபோட வேண்டும் என்பது என் கட்சி.

நீங்களே செய்து பாருங்கள். ஒரு திசைகாட்டி, ஒன்றரை வோல்ட் பேட்டரி, ஒரு முழம் செப்புக் கம்பி போதும். இரும்பு மேசை வேண்டாம். செல்போனைத் தள்ளி வையுங்கள். முள் நின்றதும் அதற்கு நேர் மேலே, வடக்கு தெற்காக, ஒரு சென்டிமீட்டர் உயரத்தில் கம்பியைப் பிடித்து ஒரு நொடி மட்டும் பேட்டரியில் தொடுங்கள். அதற்கு மேல் தொட்டால் கம்பி சுடும், பேட்டரி வீணாகும். மின்னோட்டம் தெற்கிலிருந்து வடக்கே போனால் வடமுனை மேற்கே திரும்பும். கம்பியை முள்ளுக்கு அடியில் வைத்தால் கிழக்கே திரும்பும். கம்பியைக் கிழக்கு மேற்காக வைத்தால் பெரும்பாலும் முள் அசையாது. கம்பியின் புலம் அப்போது பூமியின் புலத்தோடு ஒரே கோட்டில் விழுகிறது. எதிராக இருந்து பூமியை மிஞ்சினால்தான் முள் தலைகீழாகும். ஒரு ஆம்பியர் ஓடினால் அந்த உயரத்தில் 20 மைக்ரோடெஸ்லா புலம் கிடைக்கும். தமிழ்நாட்டில் பூமியின் காந்தப்புலத்தில் கிடையான பகுதி, அதாவது கிடைப்புலம், ஏறத்தாழ 40. ஆகவே முள் 27 டிகிரி அளவுக்குத் திரும்பும். கோபன்ஹேகனில் கிடைப்புலம் 17 அளவில்தான். அதே கம்பி அங்கே 50 டிகிரி திருப்பும்.

ஷெல்லிங்குக்கு வருகிறேன். 1798இல் 23 வயதில் யேனாவில் பேராசிரியர். மறு ஆண்டு எழுதியதில் ஓர் உவமை உண்டு. ஆறு தடையில்லாமல் ஓடினால் அதில் எந்த உருவமும் இல்லை. தடை வந்த இடத்தில் சுழல் பிறக்கிறது. சுழல் நின்ற இடத்திலேயே நிற்பதாகத் தெரிந்தாலும், கணந்தோறும் புதுத்தண்ணீர்தான் அதை உண்டாக்கிக்கொண்டிருக்கிறது. கல், செடி, விலங்கு எல்லாம் அப்படிப்பட்ட சுழல்கள் என்றார். ஓட்டம் ஒன்று, தடை ஒன்று என்பதால் இயற்கையில் எங்கும் இருமுனை இருக்க வேண்டும். காந்தம், மின்சாரம், வேதிவினை மூன்றும் ஒரே செயலின் மூன்று படிகள் என்பது இதிலிருந்து வருகிறது. ஒன்று இன்னொன்றாக மாறுமா என்று சோதிக்கச் சொல்லும் சிந்தனையை வெறும் ஊகம் என்று தள்ள என்னால் முடியாது.

ரிட்டர் அதைத்தான் செய்தார். 1800இல் வானியலாளர் ஹெர்ஷல் நிறமாலையின் சிவப்புக்கு வெளியே வெப்பக் கதிரைக் கண்டார். ஒரு முனையில் இருந்தால் எதிர்முனையிலும் இருக்க வேண்டும் என்று 1801 பிப்ரவரியில் ரிட்டர் வெள்ளிக் குளோரைடு பூசிய தாளை எடுத்தார். ஊதா ஒளியில் அந்த உப்பு சீக்கிரம் கறுக்கும் என்பது வேதியியலாளர் ஷேலே காலத்திலிருந்தே தெரியும். ஊதாவுக்கு வெளியே, கண்ணுக்கு ஒன்றும் தெரியாத இடத்தில், தாள் இன்னும் சீக்கிரம் கறுத்தது. புறஊதாக் கதிர் இப்படித்தான் கிடைத்தது.

அதே ரிட்டர் 1803இல் ஓர்ஸ்டெட்டுக்கு ஒரு கடிதம் எழுதினார். வானியல் சுழற்சி ஒன்றின்படி மின்னியலில் பெரிய கண்டுபிடிப்புகள் 18 ஆண்டுக்குச் சற்று மேலான இடைவெளியில் வருகின்றன: 1745, 1764, 1783, 1801, அடுத்தது 1819 அல்லது 1820. சொன்னபடியே 1820இல் முள் திரும்பியது. இதை அதிசயமாகப் பரப்புகிறவர்கள் இருக்கிறார்கள். கால்வானியின் தவளைக்கால் ஆய்வு 1791இல் அச்சாயிற்று, எந்தப் படியிலும் அது இல்லை. வோல்ட்டா தன் மின்னடுக்கை, அதாவது முதல் மின்கலத்தை, அறிவித்தது 1800இல். பொருந்துவதை எடுத்துப் பொருந்தாததை விட்டால் எந்த எண்ணும் பொருந்தும். வெள்ளிக் குளோரைடுத் தாள் வெளுப்பாகவே இருந்திருந்தால் ரிட்டர் தோற்றிருப்பார். இந்தக் கடிதம் தோற்க வழியே வைக்கவில்லை.

உயிரும் பலியாகும் இடம் மருத்துவம். ஸ்காட்லாந்து மருத்துவர் ஜான் பிரௌனின் முறையில் எல்லா நோயும் தூண்டல் கூடியது அல்லது குறைந்தது. 0 முதல் 80 வரை அளவுகோல், 40 ஆரோக்கியம். குறைந்தால் மது, அபின். இருமுனைக்கு இதைவிடப் பொருத்தமான மருத்துவம் உண்டா என்று ஷெல்லிங் இதை வரவேற்றார். 1800 ஜூலையில் போக்லெட்டில், பின்னாளில் அவர் மனைவியான கரோலினாவின் 15 வயது மகள் அவுகுஸ்தா சீதபேதியில் இறந்தாள். ஷெல்லிங் சிகிச்சையில் தலையிட்டார் என்று 1802இல் அச்சிலேயே குற்றம் சாட்டினார்கள். அதே ஆண்டு லாண்ட்ஸ்ஹூட் பல்கலைக்கழகம் அவருக்கு மருத்துவத்தில் கௌரவ முனைவர் பட்டம் தந்தது. அந்தக் குற்றச்சாட்டுக்கு நான் தீர்ப்புச் சொல்ல மாட்டேன். ஆனால் சீதபேதிக்கு அபின் என்ன செய்யும் என்பது தெரிந்ததே: குடலின் அசைவை அடக்கும், கிருமி உள்ளேயே தங்கும், இழந்த நீரையும் உப்பையும் அது ஈடுசெய்யாது. அளவுகோலில் குடலும் இல்லை, கிருமியும் இல்லை. இப்படிப்பட்டவற்றை வைத்துத்தான் வேதியியலாளர் லீபிக் 1840இல் இயற்கைத் தத்துவத்தை நூற்றாண்டின் கொள்ளைநோய் என்று ஏசினார். இந்த இடத்தில் நான் லீபிக் பக்கம்.

ஹெகல் பற்றிச் சொல்லப்படும் கதையோ பாதிப் பொய். கோள்கள் ஏழுதான் என்று அவர் நிரூபித்தாராம், அதே ஆண்டு செவ்வாய்க்கும் வியாழனுக்கும் இடையில் சீரஸ் அகப்பட்டதாம். 1801இல் யேனாவில் அவர் தாக்கல் செய்த ஆய்வு, கோள்களின் தூரங்களை ஓர் எண்வரிசையில் அடக்கும் போடேயின் தொடருக்கு எந்தக் காரணமும் இல்லை என்றது, அது சரி. யுரேனசுக்கு அடுத்த கோள் சூரியனிலிருந்து 38.8 வானியல் அலகு (பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரம் ஒரு அலகு) தூரத்தில் இருக்கும் என்று அந்தத் தொடர் சொல்லும். 1846இல் அகப்பட்ட நெப்டியூன் இருப்பது 30இல். ஆனால் கடைசிப் பக்கங்களில், எண்வரிசைதான் வேண்டுமென்றால் பிளாட்டோவின் வரிசை இருக்கிறதே என்று அதில் 8ஐ 16ஆக மாற்றி 1, 2, 3, 4, 9, 16, 27 என்று கொடுத்தார். நாலாவதுக்கும் ஐந்தாவதுக்கும் இடையில் கோள் தேவையில்லை என்றாயிற்று. அந்த ஆண்டு ஜனவரி 1 அன்றே வானியலாளர் பியாட்சி பலெர்மோவில் சீரஸைப் பார்த்துவிட்டார். எட்டைப் பதினாறாக்கியதை எந்த ஹெகலியரும் எனக்கு நியாயப்படுத்த வேண்டாம்.

கடைசியாக, ‘இலட்சியவாதிகள்’. இலட்சியத்துக்காக வாழ்கிறவரைக் குறிக்கும் சொல் அது. தத்துவத்தில் அதைப் போடுவது மொழிபெயர்ப்பாளர்கள் நெடுங்காலமாகச் செய்துவரும் பிழை. கருத்துமுதல்வாதம் என்ற நல்ல சொல் நம்மிடம் இருக்கிறது. முதல் என்றால் தொடக்கம் என்றும் காரணம் என்றும் தமிழில் பொருள். ஹெகலுக்கு அது அப்படியே பொருந்தும். ஷெல்லிங்குக்குப் பாதிதான் பொருந்தும்: 1800இல் அவர் இரண்டு வழிகளையும் சமமாக வைத்தார், மனத்திலிருந்து இயற்கைக்கு ஒன்று, இயற்கையிலிருந்து மனத்துக்கு ஒன்று. அவருக்கு மட்டும் வேறு சொல் தேவைப்படுகிறது. உங்களிடம் இருந்தால் எழுதுங்கள். அடுத்த இதழில் போடுகிறேன்.