வீட்டில் ஆட்டின் குளம்பை நானே வெட்டலாமா?

வளவில் இரண்டு மறியாடு நிற்குது, குளம்பு நீண்டு வளைந்துவிட்டது, நானே வெட்டலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாக வெட்டலாம். யாழ்ப்பாணத்துக் கோண்டாவிலில் எங்கள் ஆடுகளுக்குப் பல வருடமாக நான்தான் வெட்டுகிறேன்.

எங்கள் வலிகாமப் பக்கம் சுற்றிவர வெங்காயமும் புகையிலையும் நிற்பதால் ஆட்டை அவிழ்த்துவிட முடியாது. கொட்டிலில் கட்டிக் குழை போட்டுத்தான் வளர்க்கிறோம். கல்லுத் தரையில் நடந்தால் தானாகத் தேயும் குளம்பு, செம்மண்ணில் நின்றால் தேயாது. ஓரம் வளர்ந்து அடிப்பக்கமாக மடிந்துகொள்ளும். அந்த மடிப்புக்குள் புழுக்கையும் சேறும் அடைந்தால், மாரியில் அழுகத் தொடங்கிவிடும்.

செடி வெட்டுகிற கத்தரிக்கோல், பழைய பிரஷ், ஒரு வாளி தண்ணீர், சுத்தமான துணி இருந்தால் போதும். கோடையில் குளம்பு கொம்பு மாதிரி இறுகிக் கிடக்கும். மழை பெய்த மறுநாள் வெட்டினால் கத்தரிக்கோல் சுகமாக இறங்கும்.

ஆட்டைத் தூணோடு குட்டையாகக் கட்டி, முகத்துக்கு நேரே பூவரசங்குழை தொங்கவிடுங்கள். ஒருவர் அதைச் சுவரோடு அணைத்துப் பிடிக்கட்டும். காலை அது மடங்குகிற பக்கமாகவே மடக்குங்கள். பக்கவாட்டில் இழுத்தால் மூட்டு நோகும், ஆடும் துள்ளும்.

முதலில் அழுக்கைச் சுரண்டிக் கழுவுங்கள். அப்புறம் மடிந்த ஓரத்தை அடிப்பாதத்தின் மட்டத்துக்கு வெட்டுங்கள். அதன் பிறகு நுனி. கடைசியாகக் குதிப் பக்கம் உயர்ந்திருந்தால் மெல்லியதாகச் சீவுங்கள். மேலே மயிர் முடிகிற கோடும் கீழே அடிப்பாதமும் ஒரே சாய்வில் ஓட வேண்டும், அதுதான் அளவு.

எல்லாவற்றிலும் முக்கியமானது நிறம். சீவச் சீவ வெள்ளையாக வரும். ஒரு கட்டத்தில் அந்த வெள்ளைக்குள் இளஞ்சிவப்பு லேசாகத் தெரியும். அந்த இடத்தில் கையை எடுத்துவிடுங்கள், அதற்குக் கீழே இரத்த ஓட்டம் இருக்கிறது. என் முதல் ஆட்டுக்கு அந்தச் சிவப்பைக் கண்ட பிறகும், மட்டமாக வரட்டும் என்று இன்னொரு தரம் சீவினேன். முத்து முத்தாக இரத்தம் வந்தது. அது கத்திய சத்தம் இன்றைக்கும் காதில் நிற்கிறது. துணியை வைத்து ஐந்து நிமிடம் விடாமல் அழுத்தினேன், நின்றது. இரண்டு நாள் சேறு படாமல் காய்ந்த சாக்கின் மேல் கட்டினேன். காயத்தால் ஆட்டுக்கு ஏற்பு நோய் (டெட்டனஸ்) வரக்கூடும் என்பதால் மிருக வைத்தியரிடமும் காட்டினேன். உங்களுக்கும் அப்படி நடந்தால் அதைத் தவறவிடாதீர்கள்.

நன்றாக வளைந்துபோன குளம்பை ஒரே நாளில் நேராக்கப் பார்க்காதீர்கள். கொஞ்சம் வெட்டி, இரண்டு கிழமை விட்டு மிச்சத்தை வெட்டுங்கள். பிறகு ஆறு முதல் எட்டுக் கிழமைக்கு ஒரு தரம் பார்த்தால் போதும். ஆடு ஐந்து மாதம் சுமக்கும்; கடைசி மாதத்தில் நிற்கிற சினையாட்டைப் பிடித்து மல்லுக்கட்ட வேண்டாம், குட்டி போட்ட பிறகு வெட்டலாம்.

இரண்டு விரலுக்கும் நடுவே நாற்றம் அடித்தாலோ, நொண்டினாலோ அது வெட்டிச் சரியாகிற விஷயமில்லை. அந்த ஆட்டைத் தனியாகக் கட்டி வைத்தியரைக் கூப்பிடுங்கள். அதற்குப் பாவித்த கத்தரிக்கோலைக் கொதிநீரில் கழுவாமல் மற்ற ஆட்டின் காலில் வைக்காதீர்கள்.