வாசகர் கேள்வி: ஊமைப்படமும் அம்மாவும்

கேள்வி: சார்லி சாப்ளின் படங்களைத் தவிர வேறு ஊமைப்படம் நான் பார்த்ததில்லை. குடும்பக் கதை உள்ள ஒன்று சொல்வீர்களா?
– ஒரு வாசகி, களுவாஞ்சிக்குடி

பதில்: ஜப்பானிய இயக்குநர் மிக்கியோ நருசே 1933இல் எடுத்த ‘யோகொதொ நோ யுமே’யைப் பாருங்கள் தங்கச்சி. ‘இரவுதோறும் கனவுகள்’ என்று பொருள். ஒரு மணித்தியாலத்துக்குக் கொஞ்சம் கூட ஓடும்.

ஒமிட்சு மதுச்சாலையில் வேலை செய்து தனியாக மகனை வளர்க்கிறாள். விட்டுப்போன புருஷன் திரும்பி வருகிறான். வேலை தேடி அலைகிறான், கிடைக்கவில்லை. அப்புறம் பிள்ளையைக் கார் அடித்துவிடுகிறது. வைத்தியச் செலவுக்கு அவன் களவெடுக்கப் போகிறான். மிச்சத்தைச் சொல்ல மாட்டேன். ஒமிட்சுவாக நடித்தவர் சுமிகோ குரிஷிமா. மனம் பதறும் இடங்களில் கமரா அவர் முகத்தை நோக்கி விறுக்கென்று ஓடும்.

எனக்கு ஆறு வயதில் அம்மா குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனார். கல்லடியில் அம்மம்மாதான் என்னை வளர்த்தார். போன மாரியில் ஓர் இரவு இந்தப் படத்தைப் போட்டேன். அம்மா பக்கத்தில் இருந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். ஒமிட்சுவையும் மகனையும் கண்டதும் கை நின்றுவிட்டது. “நான் வந்த அண்டைக்கு நீ கிட்ட வரல்ல மனே. அம்மம்மாட சீலைக்குள்ள ஒளிச்சிட்டாய்” என்றார். இருபத்தைந்து வருடமாக அவர் அதைச் சொன்னதில்லை.

கேள்வி: பேசும் படம் வந்த பிறகும் ஜப்பானில் ஏன் ஊமைப்படம் எடுத்தார்கள்?
– ஒரு வாசகர், அக்கரைப்பற்று

பதில்: நம் ‘காளிதாஸ்’ வந்த அதே 1931இல் அங்கும் பேசும் படம் வந்துவிட்டது. ஆனால் பென்ஷி என்ற கதைசொல்லிகளுக்குப் பெரும் செல்வாக்கு இருந்தது. ஒருவரே திரைக்குப் பக்கத்தில் நின்று ஆண், பெண், குழந்தை எல்லாருக்கும் குரல் கொடுப்பார். வடமோடிக் கூத்துக் களரியில் கூத்தைப் பழக்கும் அண்ணாவியாரின் குரலுக்காகவே விடிய விடிய இருந்தவர்களுக்கு இது விளங்கும். பென்ஷியின் பெயரைப் பார்த்தே படத்துக்குப் போனவர்கள் உண்டு.

நருசேயின் ஊமைப்படங்களில் மிஞ்சியவை 5 மட்டுமே. அதே 1933இல் வந்த ‘கிமி தொ வகாரெதெ’ அவற்றில் ஒன்று. விருந்துகளில் ஆடிப் பாடி மகிழ்விக்கும் கெய்ஷாவாக இருக்கும் தாயை நினைத்து வெட்கப்படும் மகனின் கதை. அதை அம்மாவுக்கு இன்னும் போட்டுக் காட்டவில்லை.