கான்கிரீட் மிதவையின் ஆயுள்: இரண்டு கணக்கும் சரிதான்

நண்பரே, அமெரிக்கக் கடற்படையின் 'குவார்ட்ஸ்' என்ற கான்கிரீட் சரக்கு மிதவைக்கு ஒரு பட்டியல் சில ஆண்டுகளும் இன்னொன்று பல பத்தாண்டுகளும் ஆயுள் காட்டுகிறது, கட்டுரையில் எதைப் போடுவது என்று கேட்டிருந்தீர்கள். தயங்காமல் இரண்டையும் போடுங்கள். முதலாவது கடற்படைப் பணிக்காலம். மற்றது கலம் மிதந்த காலம்.

ஏறத்தாழ 366 அடி நீளம் இருந்தும் அதற்கு எஞ்சின் கிடையாது. இழுவைக் கப்பல்தான் இழுக்க வேண்டும். இரண்டாம் உலகப் போர்க்கால எஃகுத் தட்டுப்பாட்டால் அதைக் கான்கிரீட்டில் கட்டினார்கள். போர் முடிந்ததும் தேவையும் முடிந்தது. கான்கிரீட் கெட்டதால் ஒதுக்கினார்கள் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள், அது அநியாயம்.

அதன் உண்மையான பலவீனம் மோதல். எஃகுத் தகடு நசுங்கும் இடத்தில் கான்கிரீட் பிளந்துவிடும். இதே வகை 'ஆஸ்ஃபால்ட்' 1944இல் சைபான் தீவருகே பவளப்பாறையில் சிக்கி அழிந்தது.

குவார்ட்ஸ் தப்பித்து, கனடாவின் பவல் ரிவர் காகித ஆலைக்கு அலைதடுப்பாகப் போய்ச் சேர்ந்தது. அங்கே அதனுடன் நின்ற மற்றொரு போர்க்கால மிதவையை 2018இல்தான் கடலுயிர்கள் தங்கும் செயற்கைப் பாறைத்திட்டாக மூழ்கடித்தார்கள்!

உங்களிடம் உள்ள படத்தில் நீர்மட்டத்தை ஒட்டிய பகுதியைப் பெரிதாக்கிப் பாருங்கள். பழுப்புக் கறை வழிந்திருந்தால், பெரும்பாலும் உப்பு உள்ளே இறங்கி, கான்கிரீட்டுக்குள் இருக்கும் எஃகுக் கம்பி துருப்பிடித்திருக்கிறது என்று பொருள். துரு பருத்துக் கான்கிரீட்டைச் செதில் செதிலாகப் பெயர்க்கும். அந்தப் படத்தைக் கட்டாயம் கட்டுரையில் சேருங்கள்.